பிரேக் சாரின் இடது கன்னம்

"இனிமே இந்த மூஞ்சியில சோப்பைத் தவிர எதுவும் ஏறாது. இதுதான் என் கடைசி முடிவு."

பிரேக் சார் இதைக் கண்ணாடியைப் பார்த்துச் சொன்னார். மனைவியைப் பார்த்தே சொல்லியிருக்கலாம், அவள் பக்கத்தில்தான் நின்றிருந்தாள். ஆனால் கடைசி முடிவுகளைக் கண்ணாடியிடம் சொல்வதுதான் அவருக்குத் தோது. கண்ணாடி எதிர்க்கேள்வி கேட்காது.

"சரி," என்றாள் மனைவி. "அப்ப கையில என்ன அது?"

கையில் இருந்தது ஒரு நீல டப்பா. குட்டையான, வாயகன்ற டப்பா. கல்யாணத்துக்கு முன்பிருந்தே ஷேவிங் முடிந்ததும் அதில் விரலை விட்டு வெள்ளையாக ஒரு வழி வழித்துக் கன்னம், தாடை, கழுத்து என்று பூசிக்கொள்வார். மீந்ததைக் கையில் தேய்ப்பார்.

"இது கணக்குல வராது."

"ஏன் வராது?"

"இது ஷேவிங்கைச் சேர்ந்தது. நான் சொன்னது கிரீமை."

"இது கிரீம் இல்லையா?"

"இது நீல டப்பா," என்றார் பிரேக் சார், அதற்கு மேல் பேச ஒன்றுமில்லை என்கிற குரலில். அவள் டப்பாவை ஒரு தடவை பார்த்தாள், அவர் கன்னத்தை ஒரு தடவை பார்த்தாள், அடுப்பைக் கவனிக்கப் போய்விட்டாள். அந்தப் பார்வையை அவர் கவனித்திருக்க வேண்டும். எங்கே கவனித்தார், பாவம்.

கன்னத்தின் கதையைச் சொல்லிவிடுகிறேன். பிரேக் சார் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி நடத்துகிறவர். பள்ளி என்றதும் மணி, மைதானம் என்று போய்விடாதீர்கள். ஒரு சின்ன அறை, அதில் ஒரு மேஜை, சுவரில் சாலைக் குறிகள் அச்சிட்ட படம், வாசலில் 'எல்' போட்ட பழைய கார். அவ்வளவுதான் பள்ளி. படிக்க வருகிறவர் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு உட்காருவார். இவர் பக்கத்து சீட்டில், இடது ஜன்னலோரம். இவர் காலடியில் இன்னொரு கிளட்ச், இன்னொரு பிரேக். அந்த இரண்டாவது பிரேக்கால் வந்த பெயர்தான் பிரேக் சார்.

அந்த வேலையில் அவருக்கு ஒரே ஒரு பெருமை. அதைச் சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்து அடிக்கடி மனைவிக்கு விளக்குவார்.

"நாம பிரேக் போடறது ஓட்டறவங்களுக்குத் தெரியவே கூடாது. தெரிஞ்சா கை நடுங்கிடும். மூஞ்சியை ஜன்னல் பக்கம் திருப்பி வெச்சுக்கிட்டு, கீழ மெதுவா மிதிக்கணும். அவங்க என்ன நினைப்பாங்க? ஆகா, நாமே நிறுத்தினோம்னு நினைப்பாங்க. நினைக்கட்டும். நமக்கென்ன, வண்டி நின்னா சரி."

"தெரியாம மிதிக்கணும்," என்பாள் மனைவி, தட்டில் பரிமாறியபடி.

"அதுதான் வித்தை."

முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பித் திருப்பி வைத்ததில் வித்தை வளர்ந்தது, கன்னம் போயிற்று. இத்தனை வருஷ வெயிலும் இடது கன்னத்திலும் இடது கையிலும்தான் இறங்கியது. இடப்பக்கம் நின்று பார்த்தால் பிரேக் சார் ஒரு ஆள், வலப்பக்கம் நின்று பார்த்தால் அவருக்குத் தம்பி மாதிரி இன்னொரு ஆள். போட்டோ எடுக்கப் போனால் ஸ்டுடியோக்காரர் விளக்கை மாற்றி மாற்றி வைத்துப் பார்த்துவிட்டு, "நிழலே போக மாட்டேங்குது சார்," என்பார். நிழல் எங்கே போகும், அது தோலோடு ஒட்டினது.

அதை அவர் பெரிதாக நினைக்கவில்லை. பிறகு ஒரு நாள் இடது கன்னத்தில், காதுக்குப் பக்கத்தில், மிளகு அளவுக்கு ஒரு கரும்புள்ளி வந்து உட்கார்ந்தது. தலையைத் துவட்டிவிடும்போது மனைவிதான் முதலில் பார்த்தாள். பார்த்தவள் துண்டை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றுவிட்டாள்.

அவளுக்குக் காரணம் இருந்தது. அவள் அப்பா பஸ் டிரைவர். அவருக்கும் ஜன்னலோர உத்தியோகம்தான். அவருக்கும் காதோரம் ஒரு சின்னப் புள்ளி வந்தது. வெயில் புண் என்றார், ஆறிவிடும் என்றார். அது ஆறவில்லை. ஆஸ்பத்திரிக் கட்டிலின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவள் இவள்தான், வேறு யாருமில்லை.

பிரேக் சார் சுபாவமாகவே சோகம் பிடித்தவர். வானம் தெளிவாக இருந்தால், "நாளைக்கு இருக்கு நமக்கு," என்பார். பல் கூசினால் கடைசி ஆசை என்னவென்று யோசிப்பார். தும்மல் வந்தால் யார் யாருக்குச் சொல்லியனுப்ப வேண்டும் என்பதுவரை போய்விடுவார். இப்படி ஒன்றுமில்லாததற்கெல்லாம் புலம்புகிற மனுஷர் இந்தப் புள்ளியைப் பற்றி மட்டும் வாயே திறக்கவில்லை. அதிலிருந்தே தெரிந்துகொள்ளுங்கள், அவருக்கு நிஜமாகவே பயம்.

தோல் டாக்டர் சின்ன வயசுப் பெண். ஒரு பூதக்கண்ணாடியை வைத்துக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

"இப்போதைக்குப் பயப்பட ஒண்ணுமில்லை. ஆனா வெயில் பட்டுக்கிட்டே இருந்தா இது எப்படி மாறும்னு என்னால சொல்ல முடியாது. ரெண்டு மாசம் கழிச்சு வாங்க. வளர்ந்திருந்தா வெட்டியெடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பணும்."

"வெட்டி," என்று திருப்பிச் சொன்னார் பிரேக் சார்.

"அதுவரைக்கும் தினமும் சன்ஸ்கிரீன் போடணும். முகம், காது, கழுத்து, கை, எல்லாத்துக்கும். எஸ்.பி.எஃப். ஐம்பது, பி.ஏ. பக்கத்துல பிளஸ் நிறைய இருக்கற மாதிரி. உங்களுக்கு எண்ணெய் வழியற தோல், வேர்வையும் அதிகம். உங்க தோலுக்கு ஏத்ததா பாத்து எடுங்க. ஏத்ததா இல்லேன்னா நாலு நாள்ல தூக்கிப் போட்டுடுவீங்க."

டாக்டர் சொன்னது அது. பிரேக் சார் காதில் விழுந்தது வேறு. தோலுக்கு ஏற்றது கிடைக்கவில்லை என்றால் போட வேண்டியதில்லை, இதுதான் அவர் காதில் விழுந்தது. நாற்காலியை விட்டு எழுந்திருக்கும்போதே திட்டம் தயாராகிவிட்டது. எதைக் கொண்டுவந்தாலும் "என் தோலுக்கு ஒத்துக்கலை" என்று சொல்லிவிடுவது. தோல் அவருடையது, அதன் சார்பில் பேச வேறு யாருக்கு உரிமை?

ஏன் இத்தனை பிடிவாதம் என்று கேட்பீர்கள். ஆம்பளைக்கு எதற்குக் கிரீம் என்று வெளியே சொல்லிக்கொண்டார். உள்ளே இருந்த காரணம் வேறு. பூசிக்கொள்ளாதவரை அவர் வெயிலில் கறுத்த ஒரு ஆள். பூசிக்கொண்டால் நோயாளி. தினமும் காலையில் கண்ணாடி முன்னால் நின்று அந்தப் புள்ளியைத் தொட்டுத் தடவி, நீ இருக்கிறாய் என்று ஒப்புக்கொள்கிற தைரியம் அவருக்கு இல்லை.

மருந்துக் கடையில் ஆரம்பித்தது முதல் தகராறு.

"எஸ்.பி.எஃப். ஐம்பதுல காட்டுங்க," என்றாள் மனைவி.

"எஸ்.பி.யைத் தெரியும், போலீஸ்ல பெரிய ஆளு," என்றார் பிரேக் சார். "எஃப். யாரு?"

கடைக்காரர் சிரிக்கவில்லை. மருந்துக் கடைக்காரர்களுக்குச் சிரிப்பு சீக்கிரம் வருவதில்லை. "எஸ்.பி.எஃப். வெயில் சுடாம பாத்துக்கும் சார். உள்ள இறங்கிக் கறுக்க வைக்கிற வெயில் ஒண்ணு இருக்கு, அதை பி.ஏ. பாத்துக்கும். இது பி.ஏ. மூணு பிளஸ், இது பி.ஏ. நாலு பிளஸ்."

பிரேக் சாரின் முகம் வாடிவிட்டது. பி.ஏ. என்ற இரண்டெழுத்து அவருக்கு ஆகாது. கல்லூரியில் ஒரே ஒரு பேப்பர் பாக்கி நின்று, எழுதி எழுதிப் பார்த்து, கடைசியில் அந்தப் பேப்பரையே பாடத்திட்டத்திலிருந்து எடுத்துவிட்டார்கள். பாஸாவதற்கு இனி வழியே இல்லாத மனுஷர்.

"நானே பி.ஏ. முடிக்கலை," என்றார் டியூபைப் பார்த்து. "இது நாலு பிளஸ்ஸோட முடிச்சுட்டு வந்து நிக்குது."

"அது அந்த பி.ஏ. இல்லீங்க."

"எந்த பி.ஏ.வா இருந்தா என்ன? என்னை விட அதிகம் படிச்சதை என் மூஞ்சியில ஏத்திக்க மாட்டேன்."

"நான் எம்.ஏ.," என்றாள் மனைவி. "என்னைக் கட்டிக்கலையா?"

கடைக்காரர் இப்போது சிரித்துவிட்டார்.

முதல் டியூப் வந்தது. கெட்டியான வெள்ளைக் கிரீம். கொஞ்சம் கொஞ்சமாகத் தொட்டு வைத்துத் தேய்க்க வேண்டும் என்று மனைவி சொன்னாள். பிரேக் சார் வேண்டுமென்றே சுவருக்குச் சுண்ணாம்பு அடிப்பதுபோல ஒரு அடி அடித்துக்கொண்டு, தேய்க்காமலே வேலைக்குப் போனார். அப்போது அவரிடம் கற்றுக்கொண்டிருந்தவர் பேங்கில் வேலை பார்க்கிற ஒரு அம்மா. எதற்கும் பயப்படுகிறவர், ஹாரன் அடித்தால் அந்த ஹாரனிடமே மன்னிப்புக் கேட்பார். காரில் ஏறி, பெல்ட் மாட்டி, பக்கத்து சீட்டைத் திரும்பிப் பார்த்தவர் சாவியைக் கீழே போட்டுவிட்டார்.

"சார், உடம்பு சரியில்லையா?"

"இல்லை."

"இல்லையா, இல்ல சரியில்லையா?"

"ரெண்டும்தான்," என்றார் பிரேக் சார். அவர் பேச்சே அப்படி. பேங்க் அம்மா அன்றைக்கு முதல் கியரைத் தாண்டவில்லை.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும், "ஒத்துக்கலை," என்றார். "ஸ்டூடண்ட் பயந்துட்டாங்க."

"அது உங்க தோலுக்கு ஒத்துக்கலையா, அவங்க கண்ணுக்கு ஒத்துக்கலையா?"

"ஒத்துக்கலைன்னா ஒத்துக்கலை."

இரண்டாவது, எண்ணெய்த் தோலுக்கென்றே செய்த ஜெல். பூசியதே தெரியாது என்று கடைக்காரர் சத்தியம் பண்ணினாராம். பூசியது தெரியவில்லைதான். ஆனால் இவர் கண் இமைக்கும் சேர்த்துப் பூசி வைத்திருந்தார். உச்சி வெயிலில் வேர்வை கொட்டி, ஜெல் கண்ணுக்குள் இறங்கி, கண் எரிந்து பொலபொலவென்று தண்ணீர் வந்தது. பேங்க் அம்மா அப்போதுதான் ஒரு திருப்பத்தில் நடைபாதையோரக் கல்லில் லேசாக உரசியிருந்தார். திரும்பிப் பார்த்தால் ஆசிரியர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கிறார்.

"சார், அழாதீங்க சார். நாளைக்கு ஒழுங்கா ஓட்டறேன்."

"நான் அழலைம்மா."

"என்கிட்ட மறைக்காதீங்க சார். வீட்ல ஏதாவது பிரச்சினையா?"

அவர் இல்லை என்று சொல்ல வாயெடுத்தார். சொல்ல முடியவில்லை. ஜெல்லால் வந்த தண்ணீர் நின்றுவிட்ட பிறகும் கொஞ்ச நேரம் கண்ணில் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. வெட்டி என்கிற அந்த வார்த்தை அவரை விடவில்லை. காரை ஓரமாக நிறுத்தச் சொல்லிவிட்டு, ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பி வைத்துக்கொண்டார்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்து, "ஒத்துக்கலை," என்று சொன்னபோது குரலில் அத்தனை தெம்பு இல்லை. மூன்றாவதாக வந்தது வாசனை போட்டது. அதைப் பூசிக்கொண்டு படியிறங்கினார். மாடி வீட்டு டைலர் எதிரே வந்தவர் மூக்கைத் தூக்கிக் காற்றில் ஒரு சுற்று சுற்றிவிட்டு, "என்ன சார், இந்த வயசுல," என்று ஒரு கண்ணடித்துவிட்டுப் போனார். ஒத்துக்கவே இல்லை.

மூன்று டியூபும் குளியலறை அலமாரியில் வரிசையாக நின்றன. மனைவி அவற்றைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிரேக் சார் கண்ணாடியிடம் அந்தக் கடைசி முடிவைச் சொன்னது அன்று காலையில்தான்.

"சரி, விடுங்க," என்றாள். "உங்க தோலுக்கு ஏத்தது இந்த உலகத்துலயே இல்லை. இனிமே நான் கேக்கவே மாட்டேன்."

ஜெயித்துவிட்டார் பிரேக் சார். ஜெயித்தால் மனுஷனுக்குச் சந்தோஷம் வர வேண்டும், இல்லையா? இவருக்கு வரவில்லை. அவள் மல்லுக்கு நின்றவரை சண்டை அவளுக்கும் புள்ளிக்கும்தான். இப்போது அவள் விலகிவிட்டாள், அவரும் புள்ளியும்தான் மிச்சம்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் அவருக்கு அபசகுனமாகவே பட்டது.

முதலில் நீல டப்பா. ஒரு நாள் காலையில் விரலை விட்டால் கிரீம் கொழகொழவென்று இளகி வந்தது. வழக்கமான வாசனையையும் காணவில்லை.

"இது ஏன் இப்படி இருக்கு?"

"உஷ்ணத்துல இளகியிருக்கும்."

"வாசனையே வரலையே."

"ஜலதோஷமா இருக்கும் உங்களுக்கு."

அவருக்கு ஜலதோஷம் இல்லை. மூக்கும் போக ஆரம்பித்துவிட்டது என்று முடிவு கட்டினார். முதலில் தோல், அடுத்து மூக்கு. ஒவ்வொன்றாகக் கழன்றுகொள்கிறது.

"காதோரமெல்லாம் சொரசொரன்னு இருக்குங்க," என்றாள் அவள் இன்னொரு நாள், போகிற போக்கில். "அந்த டப்பாவுலேர்ந்தே கொஞ்சம் தாராளமா எடுத்துத் தடவிக்கோங்க. கழுத்துக்கும்." பிறகு ஒரு குட்டி டப்பாவில் அதையே கொஞ்சம் எடுத்துச் சாப்பாட்டுப் பையில் போட்டுக் கொடுத்தாள். மத்தியானம் முகம் கழுவினால் தோல் காய்ந்துபோகுமாம். நீல டப்பாதானே, கணக்கில் வராது. அவர் தாராளமாகவே தடவிக்கொண்டார்.

அடுத்து சட்டைகள். அரைக்கைச் சட்டை தவிர வேறு போடாதவர் அவர். அவை ஒவ்வொன்றாகக் காணாமல் போய், முழுக்கைச் சட்டைகளாகத் திரும்பி வந்தன. முழங்கைக்குக் கீழே வேறு துணி, நிறமும் கொஞ்சம் வேறு.

"கை ஓரமெல்லாம் நைஞ்சு போச்சு. மாடி வீட்டு டைலர்தான் துண்டு வெச்சுத் தெச்சுக் கொடுத்தார்."

"எல்லாச் சட்டையுமா ஒரே சமயத்துல நைஞ்சுது?"

"ஒரே சமயத்துல வாங்கினதுதானே."

இரண்டு நிற ஆளுக்கு இரண்டு நிறச் சட்டை. கண்ணாடியில் பார்த்தார். உயிரோடு இருக்கும்போதே மூட ஆரம்பித்துவிட்டார்கள் என்று தோன்றியது.

அப்புறம் பேங்க் அம்மா. "சார், எனக்கு வகுப்பை விடிஞ்சதும் விடியாததுமா வெச்சுக்கறீங்களா?" என்றார். மத்தியானம் முடியாதாம். இதில் விசேஷம் என்னவென்றால், அந்த அம்மா போய் மற்றவர்களிடம் என்ன சொன்னாரோ, எல்லோருமே காலை நேரமும் பொழுது சாய்கிற நேரமுமாகக் கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். உச்சி வேளையில் பிரேக் சார் சாலைக் குறிப் படத்துக்குக் கீழே தனியாக உட்கார்ந்திருந்தார். வெளிச்சத்தில் தன் மூஞ்சியைப் பார்க்க ஜனங்களுக்குச் சகிக்கவில்லை என்று நினைத்துக்கொண்டார். படத்தில் இருந்த 'வழி முடிவு' குறி நேராக அவரையே பார்த்தது.

வீட்டிலோ மனைவி உற்சாகமாக இருந்தாள். ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டே துணி மடித்தாள். பிரேக் சார் தாங்காமல் ஒரு நாள் கேட்டேவிட்டார்.

"நான் போயிட்டா நீ என்ன பண்ணுவே?"

"எங்க போறீங்க?"

"போறதுன்னா... ஒரேயடியா போறது."

"போறப்ப அந்தக் குப்பைப் பையைக் கீழ வெச்சுட்டுப் போங்க."

அவர் குப்பைப் பையை எடுத்துக்கொண்டு இறங்கினார். திரும்பி வரும்போது சமையலறையில் குழாய் ஓடிக்கொண்டிருந்தது. ரொம்ப நேரம் ஓடியது, பாத்திரச் சத்தம் ஒன்றுமே கேட்கவில்லை. தண்ணீரை வீணாக்குகிறாள் என்று நினைத்தார். அதைக்கூட வாய்விட்டுச் சொல்லாமல் படுத்துக்கொண்டார்.

இரண்டு மாசம் முடிந்தது. டாக்டரிடம் போகிற அன்று காலையில், இருப்பதிலேயே நல்ல சட்டையாகப் பார்த்துப் போட்டுக்கொண்டார். வெட்டுவதானாலும் மரியாதையாக வெட்டிக்கொள்ள வேண்டும் என்பது அவர் எண்ணம். ஷேவிங் முடித்து, நீல டப்பாவை வழித்தால் அடியில் கொஞ்சம்தான் இருந்தது. அதுவும் தீர்ந்தது.

அங்கே வரிசையில் காத்திருந்தபோது மனைவி அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். நாலு பேர் பார்க்கிற இடத்தில் அவள் அப்படிச் செய்கிறவள் இல்லை. அவள் கை ஜில்லென்றிருந்தது.

டாக்டர் பூதக்கண்ணாடியை வைத்தார். பார்த்தார். பழைய படத்தைக் கம்ப்யூட்டரில் கொண்டுவந்து வைத்துத் திரும்பவும் பார்த்தார். பிரேக் சாரின் கால் தன்னையறியாமல் மேஜைக்கு அடியில் ஒரு பிரேக்கைத் தேடி மிதித்துக்கொண்டிருந்தது.

"வளரவே இல்லை," என்றார் டாக்டர். "நிறம்கூட மங்கியிருக்கு. வெட்ட வேண்டாம். ஆறு மாசத்துக்கு ஒரு தடவை காட்டினா போதும். கன்னமே தெளிஞ்சிருக்கே. ரொம்ப சரியான சன்ஸ்கிரீனா தேர்ந்தெடுத்திருக்கீங்க சார். ஒரு நாள்கூட விடாம போட்டிருக்கீங்கன்னு தெரியுது."

பிரேக் சார் வாயைத் திறந்தார். மனைவி அவர் காலை மிதித்தாள். வாயை மூடிக்கொண்டார்.

ஆனால் வாசலைத் தாண்டியதும் அவரைப் பிடிக்க முடியவில்லை. இரண்டு மாசத்துச் சோகமும் எங்கே போயிற்றோ தெரியாது.

"பாத்தியா? ஒரு சொட்டு போட்டேனா? அந்தப் பொண்ணு என்னமோ விடாம போட்டேங்குது. என் தோல் அப்படி. தானா வந்தது, தானா போவுது. எஸ்.பி.யும் வேணாம், பி.ஏ.வும் வேணாம்."

"ஆமாங்க," என்றாள் மனைவி. முந்தானையால் கண்ணை ஒற்றிக்கொண்டாள்.

"நீ எதுக்கு அழறே?"

"வெயில் கூசுது."

அவளை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, பிரேக் சார் மருந்துக் கடைக்குப் போனார். ஜெயித்த கையோடு ஒரு புது நீல டப்பா வாங்கிவிட வேண்டும். டியூபுகளைக் காட்டிக் காட்டி ஏமாற்றிய அந்தக் கடைக்காரர் முகத்தையும் ஒரு தடவை பார்க்க வேண்டும்.

"நீல டப்பா ஒண்ணு கொடுங்க."

கடைக்காரர் நெற்றியைச் சுருக்கினார். "அது யாருக்கு சார்?"

"எனக்குத்தான். தினமும் போடறேனே."

"அதை நீங்க வாங்கியே ரொம்ப நாளாச்சே. உங்க வீட்டம்மா இதைத்தானே வாங்கிட்டுப் போவாங்க. உங்க தோலுக்கு இதுதான் ஒத்துக்குதுன்னாங்க." அலமாரியிலிருந்து ஒரு டியூபை எடுத்து வைத்தார். எஸ்.பி.எஃப். ஐம்பது. பி.ஏ. நாலு பிளஸ். எண்ணெய்த் தோலுக்கு, வேர்வையில் கரையாது, வாசனை கிடையாது.

பிரேக் சார் மூடியைத் திறந்து ஒரு துளியைப் பிதுக்கி விரலால் தொட்டுப் பார்த்தார். கொழகொழவென்றிருந்தது. மூக்கருகே கொண்டுபோனார். ஒரு வாசனையும் வரவில்லை. அவருடைய மூக்குக்கு ஒன்றும் ஆகவில்லை என்பது அப்போதுதான் அவருக்குப் புரிந்தது.

வீட்டுக்கு வந்தார். மனைவி துணி மடித்துக்கொண்டிருந்தாள். டியூபை அவள் முன்னால் வைத்தார். அவள் அதைப் பார்த்தாள், அடுத்த சட்டையை எடுத்தாள்.

"அப்ப அந்தச் சட்டை?"

"நைஞ்சு போனது உண்மை. கொஞ்சம் நானும் நைய விட்டேன்."

"பேங்க் அம்மா?"

"பேங்குக்கு நேர்ல போய்ச் சொன்னேன். அன்னைக்கு நீங்க கார்ல அழுதீங்களாமே. அவங்களும் கூட அழுதாங்க. எல்லார்கிட்டயும் நானே பேசறேன்னு அவங்களே சொன்னாங்க."

பிரேக் சார் உட்கார்ந்துவிட்டார். "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டு செஞ்சிருக்கலாமே."

"சொன்னா உங்களுக்குக் கை நடுங்கிடும்," என்றாள். "தெரியாம மிதிக்கணும்னு நீங்கதானே சொல்லிக் கொடுத்தீங்க. மூஞ்சியை அந்தப் பக்கம் திருப்பி வெச்சுக்கிட்டு மிதிச்சேன்."

அவள் சட்டையை மடித்து முடித்தாள். கடைசி மடிப்பைத் தடவிக்கொண்டே இருந்தாள்.

"அப்பாவுக்கு அது என்னன்னே எனக்குத் தெரியலை," என்றாள். "தெரிஞ்சிருந்தா அவருக்கும் ஏதாவது டப்பாவுல போட்டுக் கொடுத்திருப்பேன். உங்களுக்குத் தெரிஞ்சும் சும்மா இருப்பேனா? எனக்குப் பயமா இருந்துதுங்க. தினமும் பயமா இருந்துது."

"எனக்கும்," என்றார் பிரேக் சார். இரண்டு மாசத்தில் அவர் சொன்ன உண்மை அது ஒன்றுதான். சொன்ன பிறகு கொஞ்சம் லேசாக இருந்தது. குழாய் ஓடிய சத்தமும், பாத்திரச் சத்தம் இல்லாததும் அவருக்கு இப்போது ஞாபகம் வந்தன.

ஆனால் எவ்வளவு லேசானாலும் அவர் ஒரு வீட்டின் தலைவர் இல்லையா? தோற்றாலும் கடைசி வார்த்தை தன்னுடையதாக இருக்க வேண்டும். எழுந்தார். கண்ணாடி முன்னால் போய் நின்றார். தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

"சரி. நடந்தது நடந்துபோச்சு. ஆனா இனிமே இந்த டப்பா வேலையெல்லாம் கூடாது. என் மூஞ்சி, என் தோல். நானே கடைக்குப் போய், நானே நாலு விதம் பாத்து, என் தோலுக்கு எது ஏத்ததோ அதை நானே தேர்ந்தெடுப்பேன். இதுதான் என் கடைசி முடிவு."

"தாராளமா தேர்ந்தெடுங்க," என்றாள் மனைவி, துணிகளை அலமாரியில் அடுக்கியபடி. "உங்களுக்கு எந்த நாலைக் காட்டணும்னு கடைக்காரர்கிட்ட சொல்லி வெச்சிருக்கேன்."